நாவலுக்குப் பத்தியம்

புத்தகம் கேட்டுப் போனால் நாக்கை நீட்டச் சொல்லி டார்ச் அடித்துப் பார்க்காத குறைதான். மற்றபடி எங்கள் ஊர் நூலகர் நூலகத்தில் வைத்தியம்தான் பார்த்தார்.

"வாங்க டிரைவரே. வீட்டுல எல்லாரும் சௌக்கியமா?"

"சௌக்கியம் சார்."

"பொஞ்சாதி முகங்குடுத்துப் பேசுறாகளா?"

"பேசாம என்ன சார்."

"தூக்கம்?"

"நல்லா வருது சார்."

"அப்பச் சரி. இதத் தொடலாம்."

இவ்வளவும் முடிந்த பிறகுதான் நாம் கேட்ட நாவல் மேசைக்கு வரும். பதில் ஏதாவது ஒன்று பிசகினாலும் வராது. வீட்டில் சாவு என்றால் நாற்பது நாளைக்குச் சோகக் கதை கிடையாது. பெண்டாட்டி கோபித்துக்கொண்டு தாய்வீடு போயிருந்தால் குடும்பச் சண்டைக் கதை கிடையாது. திராட்சை பூத்து மழையில் உதிர்ந்த வருஷம் எங்கள் பக்கத்து விவசாயி ஒருவருக்கு விதியைப் பற்றிய நாவல் எதையும் அவர் தரவில்லை. "விதிக் கதை வாயுய்யா. நல்லா இருக்குறவனே படிச்சா ரெண்டு நாளைக்கு உப்பிக்கிட்டு அலைவான். நீங்க ஏற்கெனவே உப்பித்தான் வந்திருக்கீக" என்று சொல்லி, ஒரு சிரிப்புக் கதையை எடுத்துக் கொடுத்தார். அந்த விவசாயி அதை வாசலில் நின்றே புரட்டிப் பார்த்துவிட்டு, உள்ளே திரும்பி வந்து மேசையில் விட்டெறிந்துவிட்டுப் போனார்.

இவர் அசரவில்லை. புத்தகத்தை எடுத்துத் தூசு தட்டி, "மோரு புளிச்சிருக்கு போல" என்றார்.

அவருக்கு எல்லாமே சாப்பாட்டுக் கணக்குத்தான். சிரிப்புக் கதை மோர். காதல் கதை மாம்பழம். நல்லதுதான், ஆனால் சூட்டுக் கட்டி வரும். சோகக் கதை பாகற்காய். வெறும் வயிற்றில் ஆகாது. புருஷன் பெண்டாட்டி சண்டைக் கதை கத்தரிக்காய். எங்கேயாவது புண் இருக்கிறவனுக்கு அரிப்பெடுக்கும். இவற்றில் ஆகாதவை என்று அவர் முடிவு கட்டியதையெல்லாம் மற்ற அலமாரியில் வைக்க மாட்டார். அதற்கென்று ஒரு பச்சை நிற இரும்பு பீரோ இருந்தது. அதன் சாவி அவர் அரைஞாண் கயிற்றில் தொங்கும்.

இத்தனைக்கும் மனிதர் ஒரு கதை படித்து நான் பார்த்ததில்லை. கேட்டால், "சமையக்காரன் எங்கய்யா சாப்புடுறான்? வாசனையிலேயே வயிறு ரொம்பிரும்" என்பார். புத்தகத்தின் குணத்தை அவர் கண்டுபிடிப்பது படித்தவர்களின் முகத்தை வைத்து. திருப்பிக் கொடுக்கப் போனால் முதல் கேள்வி, "எம்புட்டு நாளாச்சு?" ஒரே நாளில் முடித்தேன் என்றால் சூடு. பதினைந்து நாள் என்றால் குளிர்ச்சி. பிறகு பக்கங்களைப் புரட்டிப் பார்ப்பார். ஓரிடத்தில் தாள் சுருங்கி உப்பியிருந்தால் விரலை வைத்து, "இங்கன அழுதிருக்காக" என்று அட்டைக்கு உள்பக்கம் பென்சிலால் ஒரு புள்ளி வைப்பார். அஞ்சு புள்ளி சேர்ந்துவிட்டால் அந்தப் புத்தகம் பீரோவுக்குப் போய்விடும்.

சிலருக்கு அது பலித்தது என்பதையும் சொல்லிவிட வேண்டும். தபால்காரர் ஒருவருக்குப் பெண்டாட்டி தவறிப்போனபோது, நாற்பது நாளும் அவரைக் கூப்பிட்டு உட்கார வைத்துப் பழைய செய்தித்தாள்களைத் தைக்கச் சொன்னார். நாற்பத்தோராம் நாள் தாமே பீரோவைத் திறந்து, தலையணை கனத்தில் ஒரு நாவலைக் கொடுத்தார். தபால்காரர் இரண்டு மாதம் வைத்திருந்தார். திரும்பி வந்து, "நல்லா அழுதேன் சார்" என்று, விருந்து சாப்பிட்ட மாதிரிச் சொன்னார். இந்த ஒன்றை வைத்துத்தான் ஊர் அவரை விட்டுவைத்தது.

ஆனால் எல்லாரும் தபால்காரர் இல்லையே. உயர்நிலைப் பள்ளியில் ஒரு டீச்சர். கணவர் விட்டுவிட்டுப் போய்விட்டார். நூலகர் அந்தம்மாவுக்குக் கத்தரிக்காயைக் கண்ணிலேயே காட்ட மாட்டேன் என்றார். டீச்சர் இன்னொரு டீச்சரை அனுப்பி நாவலை வாங்கிவிட்டார். அந்த டீச்சர் இரண்டு நாளில் திருப்பிக் கொடுத்தபோது, "நீங்க படிக்கல. உங்க மூஞ்சி எப்பவும் போல இருக்கு" என்று பிடித்துவிட்டார். அடுத்த நாள் சாயங்காலம் கணவர் விட்டுப்போன டீச்சரே நேரில் வந்தார். நாங்கள் நாலைந்து பேர் பேப்பர் படித்துக்கொண்டிருந்தோம்.

"சார், எனக்கு என்ன நோய்னு நீங்க எப்படிச் சொல்றீங்க?"

"நல்லதுக்குத்தான் டீச்சர் சொல்றது."

"எங்க வீட்டுக்காரரும் இதைத்தான் சொன்னாரு. எல்லாம் உன் நல்லதுக்குத்தான்னு. அந்த நாவல்ல இருக்குறவளுக்கும் அதைத்தான் சொல்றாங்க. நான் என்ன பண்ணணும்னு நீங்க ரெண்டு பேரும் சேர்ந்து முடிவு பண்ணுவீங்களா?"

உறுப்பினர் அட்டையை மேசையில் வைத்துவிட்டுப் போனவர்தான். அப்புறம் வரவே இல்லை. இவர் அந்த அட்டையை ரொம்ப நேரம் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தார். "படிக்கிறதுக்கு முன்னாடியே சூடாத்தான் இருந்திருக்காக" என்றார். எனக்கு அன்றைக்கே எழுந்து போய் நாலு வார்த்தை கேட்கணும் போலிருந்தது. கேட்கவில்லை. எனக்கு அவர் பீரோவிலிருந்து ஒரு புத்தகம் வேண்டியிருந்தது.

அதைச் சொல்வதற்கு முன்னால் என்னைச் சொல்லணும். தொண்ணூற்றாறிலிருந்து நான் ஜீப் ஓட்டினேன். கம்பம்மெட்டு ஏறி அந்தப் பக்கம் கேரளாவில் ஏலத்தோட்டத்துக் கூலி வேலைக்குப் பெண்களை ஏற்றிப்போகிற ஜீப். காலையில் ஆறு மணிக்கு ஏற்றினால் எட்டு மணிக்குத் தோட்டத்தில் இறக்கிவிடுவேன். சாயங்காலம் நாலு மணிக்குத்தான் திரும்ப ஏற்றணும். நடுவில் எட்டு மணி நேரம். மற்ற டிரைவர்கள் சீட்டு ஆடினார்கள், தூங்கினார்கள். எனக்குச் சீட்டில் ராசியில்லை. பகல் தூக்கமும் வராது. ஒன்பதாவதோடு பள்ளிக்கூடத்தை விட்டவன் நாவல் படிக்கிறவனாக ஆனது இப்படித்தான்.

அப்போது வந்த நாவல்கள் நான் முன்னால் படித்தவை போல இல்லை. பழைய கதையில் கெட்டவன் கடைசியில் திருந்துவான், இல்லை செத்துப்போவான். புதிதாக வந்தவற்றில் யார் கெட்டவன் என்றே தெரியாது. சாவு முதல் பக்கத்திலேயே நடந்து முடிந்துவிடும். இருக்கிறவர்கள் எப்படி இருந்துகொண்டிருக்கிறார்கள் என்பதுதான் மீதிக் கதை. ஒரு புருஷனும் பெண்டாட்டியும் ஒரே வீட்டில் ஒருவரோடொருவர் பேசாமல் நூறு பக்கம் இருப்பார்கள். எனக்கு அது பிடித்திருந்தது. என் ஜீப்பில் ஏறுகிற பதினாறு பேர் வீட்டிலும் அதுதானே நடந்தது.

அந்தப் பதினாறு பேரில் ஒருவர் சுருளிப்பட்டி அக்கா. எப்போதும் முன் சீட்டில், என் பக்கத்தில். வளைவு வந்தால், "ஏலே தம்பி, ஆரன அடிடா, மலைக்குக் காது கேக்கட்டும்" என்பார். எழுத்துத் தெரியாது. இறங்கி வரும்போது, "இன்னிக்கு என்னடா படிச்ச? சொல்லு" என்று கேட்டுக்கொண்டே வருவார். நான் சொல்லச் சொல்லத் தீர்ப்பும் சொல்லுவார்.

அந்த நாவலை நூலகரே எனக்கு எடுத்துக் கொடுத்தார். "இது உங்க தொழில் கதையாம். படிச்சவுக சொன்னாக" என்றார். அட்டையில் ஒரு வண்டிச் சக்கரம். ஏதோ ஒரு ஊரில் மில் வேன் ஓட்டுகிறவன். அவன் வண்டியில் வந்த ஒரு பெண் விபத்தில் செத்துப்போகிறாள். வழக்கு முடிந்துவிடுகிறது. எல்லாரும் விதி என்கிறார்கள். அவன் வேன் சாவியைக் கொண்டுபோய் வீட்டு அரிசிப் பானைக்குள் புதைத்துவிட்டு, பெண்டாட்டியிடமும் பேசாமல் சுவரைப் பார்த்து உட்கார்ந்துவிடுகிறான். அது சரியாகப் பாதிப் புத்தகம். அன்று இறங்கும்போது அக்காவிடம் அதுவரை சொன்னேன்.

"சாவிய எடுப்பான்டா" என்றார் அக்கா.

"எப்படிச் சொல்றீங்க?"

"அரிசி தீந்தா சாவி தானா மேல வரும். எம்புட்டு நாளைக்குச் சோறு திங்காம இருப்பாக?"

மறுநாள் காலை புதிதாக ஒரு பெண் வேலைக்கு ஏறினாள். மலை ஏறினால் வாந்தி வரும் என்றாள். நான் அக்காவைப் பார்த்து, "அக்கா, இன்னிக்கு ஒரு நாள் பின்னால உக்காருங்களேன்" என்றேன். "மகாராசா உத்தரவு" என்று சிரித்துக்கொண்டே போய்க் கடைசியில் உட்கார்ந்தார். மழை பெய்து மண் சரிந்திருந்தது. கொண்டை ஊசி வளைவில் பின் சக்கரம் வழுக்கியது. வண்டி உருளவில்லை. பாறையில் முட்டிச் சாய்ந்தது, அவ்வளவுதான். எல்லாருக்கும் சிராய்ப்பு. அக்கா மட்டும் எழுந்திருக்கவில்லை.

ஆறுதல் சொல்ல வந்தவர்கள் ஒருவர் விடாமல், "விதி தம்பி, உன் கையில என்ன இருக்கு" என்றார்கள். என் கையில் ஸ்டியரிங் இருந்தது. இடம் மாறி உட்காரச் சொன்ன வாய் என்னுடையது. அக்கா வீட்டுக்குப் போய்க் காலில் விழணும் என்றேன். எங்கள் ஆட்கள், "போனா வெட்டிருவாக" என்று பிடித்து உட்கார வைத்துவிட்டார்கள். பிடித்து வைத்தது ஒரு மாதம். அப்புறம் யாரும் பிடிக்கவில்லை, நானும் போகவில்லை. ஒரு மாதம் தள்ளிப்போனது போக முடியாத தூரமாகிவிட்டது. வழக்கு முடிந்து, வேறு பிழைப்புத் தெரியாமல் மறுபடி ஜீப்பைத்தான் எடுத்தேன். ஆனால் சுருளிப்பட்டி ரோட்டில் மட்டும் திருப்ப மாட்டேன். அந்தப் பக்கத்து ஆட்களை வேறொருவன் ஏற்றிக்கொண்டான்.

எனக்குத் தெரிய வேண்டியிருந்தது ஒன்றே ஒன்றுதான். அந்த மில் வேன்காரன் அப்புறம் என்ன செய்தான்? நான் சாவியை எடுத்துவிட்டேன். அவன் எடுத்தானா? எடுத்து எங்கே போனான்? அவன் எப்படி இருந்தான் என்று தெரிந்தால், நான் எப்படி இருக்கணும் என்று தெரிந்துவிடும் என்று நம்பினேன். புத்தகம் நூலகத்துக்குத் திரும்பி வந்துவிட்டது என்று கேள்விப்பட்டேன். போலீஸ் கொண்டுவந்து கொடுத்திருக்கும் என்று நினைத்துக்கொண்டு போனேன்.

"அது உங்களுக்கு ஆகாது டிரைவரே."

"பாதி படிச்சிட்டேன் சார்."

"பாதி தின்னு வாந்தி எடுத்தவன் மீதியத் திங்கக் கூடாது."

"சார், என்ன ஆச்சுன்னு மட்டும் தெரிஞ்சா போதும்."

"எனக்கெப்பிடித் தெரியும்? நான் படிக்கிறதில்லையே."

தேனியில் புத்தகக் கடைகளில் கேட்டேன். மதுரைக்குப் போய்க் கேட்டேன். பதிப்புத் தீர்ந்துவிட்டது, மறுபடி போடவில்லை என்றார்கள். ஆக உலகத்தில் அந்த நாவல் இருந்த ஒரே இடம் அந்தப் பச்சை பீரோ. வருஷம் தவறாமல் கேட்டேன். கேட்கும்போதெல்லாம் பீரோவைத் திறப்பார். அந்தப் புத்தகத்தின் மேல் உள்ளங்கையை வைப்பார், காய்ச்சல்காரப் பிள்ளையைத் தொட்டுப் பார்க்கிற மாதிரி. கண்ணைக்கூட மூடுவார். "இன்னும் ஆறல" என்று பீரோவைச் சாத்துவார். அந்த நேரத்தில் அவர் கழுத்தைப் பிடிக்காமல் நான் திரும்பி வந்ததற்கே எனக்குப் புண்ணியம் சேர்ந்திருக்கும்.

ஒருமுறை என் மனைவியை அனுப்பினேன். "உங்க வீட்டுக்காரர் தூங்குறாரா?" என்று கேட்டிருக்கிறார். அவளுக்குப் பொய் சொல்ல வராது. "படுத்துக்கிட்டு மோட்டுவளையப் பாத்துட்டு இருக்காரு சார்" என்று சொல்லிவிட்டாள். ஒரு சிரிப்புக் கதையும் ஒரு சமையல் புத்தகமும் கொடுத்தனுப்பினார். சமையல் புத்தகத்தைத் தூக்கிக்கொண்டு நானே போனேன்.

"சார், சாவுன்னா என்னன்னு நாவல்லதான் நான் தெரிஞ்சுக்கணுமா? நான் பார்த்தாச்சு. இனிமே அது என்னை என்ன பண்ணும்?"

"பாத்தவனுக்குத்தான் ஆகாது. பாக்காதவன் படிச்சா அது கதை."

"அப்ப எனக்கு?"

சீலில் மை காய்ந்திருந்தது. அதில் ரெண்டு சொட்டுத் தண்ணீர் விட்டுத் தேய்த்துக்கொண்டிருந்தார். ஒன்று சொல்கிறேன்: ஒருவன் கேட்கிற கேள்வியைக் காதில் வாங்கிக்கொண்டு, பதிலும் தெரிந்துகொண்டு, சீலைத் தேய்த்துக்கொண்டிருக்கிற மனிதரைப் போல எரிச்சல் வேறெதிலும் இல்லை.

இப்படியே பதினோரு வருஷம். எல்லார் கையிலும் செல்போன் வந்துவிட்டது. அவரும் பணி ஓய்வு பெற்றுக் கோம்பையில் தம் வீட்டோடு போய்ச் சேர்ந்தார். அவர் இடத்துக்குச் சுடிதார் போட்ட ஒரு பெண் வந்தாள். பீரோவிலிருந்ததையெல்லாம் எடுத்து அலமாரியில் வரிசையாக அடுக்கிவிட்டாள். வண்டிச் சக்கரம் போட்ட அட்டை வெளிச்சத்தில் நின்றது.

"இதை எடுத்துக்கலாமாம்மா?"

"பேர எழுதிட்டு எடுத்துட்டுப் போங்கண்ணே."

ஒரு நிமிஷம்கூட ஆகவில்லை. வீட்டில் எல்லாரும் சௌக்கியமா என்று அவள் கேட்கவில்லை. எனக்கு அழுகை வந்தது. பின் அட்டையில் ஒட்டியிருந்த தாளில் தேதி முத்திரைகள் இருந்தன. கடைசித் தேதி எனக்குக் கொடுத்த நாள். அதற்குப் பிறகு அவர் யாருக்குமே அதைக் கொடுத்திருக்கவில்லை.

மறுநாள் தோட்டத்தில் ஏலக்காய்ச் செடி நிழலில் உட்கார்ந்து, விட்ட இடத்திலிருந்து படித்தேன். அரிசி குறைகிறது. பெண்டாட்டி அளந்து எடுக்கும்போது கையில் சாவி தட்டுப்படுகிறது. ஒன்றும் சொல்லாமல் கழுவிக் கொண்டுவந்து அவன் தட்டுக்குப் பக்கத்தில் வைக்கிறாள். அக்கா சொன்னது அச்சு அசல். புத்தகத்தை மூடிவிட்டுக் கொஞ்ச நேரம் மலையைப் பார்த்தேன். பிறகு அவன் சாவியை எடுக்கிறான். எடுத்துப் பல இடத்துக்குப் போகிறான், கடைசி வரியில் செத்துப்போன பெண்ணின் வீட்டுக்குப் போய்க் கதவைத் தட்டுகிறான்.

அவ்வளவுதான். முடிந்துவிட்டது. கதவு திறந்ததா, திறந்தவர் என்ன சொன்னார், வெட்டினார்களா, தண்ணீர் கொடுத்தார்களா, ஒரு எழுத்து இல்லை. பின்னால் வேறு பக்கம் ஒட்டிக்கொண்டிருக்கிறதா என்று பிரித்துப் பிரித்துப் பார்த்தேன். இப்போது எழுதுகிறவர்கள் மேல் எனக்கு உள்ள ஒரே மனத்தாங்கல் இதுதான். நம்மைக் கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டு போய், வாசலில் விட்டுவிட்டு அவர்கள் திரும்பிவிடுகிறார்கள்.

அந்த ஞாயிற்றுக்கிழமை கோம்பைக்குப் போனேன். அவர் வீட்டு நாய் என்னைக் கடிக்காமல் கடிப்பதற்கு என்னவெல்லாம் செய்ய முடியுமோ அவ்வளவும் செய்தது. அவர் முழங்காலில் தைலம் தேய்த்துக்கொண்டு நாற்காலியில் இருந்தார். என் கையில் இருந்த புத்தகத்தைப் பார்த்தார்.

"எம்புட்டு நாளாச்சு?"

"ஒரே பகல் சார்."

"அப்பச் சூடுதான்."

"சூடும் இல்ல, ஒண்ணும் இல்ல. கதவைத் தட்டுறதோட நிறுத்திட்டாரு. இதுக்காகவா சார் இத்தனை வருசம் என்னை அலைய விட்டீங்க?"

"தட்டுனான்ல?"

"தட்டி என்ன சார்? யாரு திறந்தா?"

அவர் தைலப் பாட்டிலை மூடினார். "இந்தப் புத்தகத்த லைப்ரரிக்குக் கொண்டாந்து குடுத்தது யாருன்னு நினைக்கிறீக?"

"போலீஸ்."

"போலீசு என்னிக்குய்யா லைப்ரரி புத்தகத்தத் திருப்பிக் குடுத்திருக்கு? அந்தச் சுருளிப்பட்டி அம்மா வீட்டுக்காரரு. அங்கன கெடந்த சாமான்ல ஒரு தூக்குவாளி, மழைக்குப் போடுற கொங்காணி, கூட இந்தப் புத்தகம். எல்லாம் அந்தம்மாவோடதுன்னு பூராத்தையும் அவரு கையில குடுத்திருக்காக. 'எம் பொஞ்சாதிக்கு எழுத்தே தெரியாதே சார், இது எப்பிடி?'ன்னு லைப்ரரி சீலப் பாத்துக் கொண்டாந்தாரு."

தரையில் உட்கார்ந்தேன். நாய் குரைப்பை நிறுத்தியது.

"அப்பறம் அந்த டிரைவர் எந்தத் தெருன்னு கேட்டாரு. கையில அருவா இல்ல. கேட்ட தோரணையில இருந்துச்சு. அவன் ஊர விட்டே போயிட்டான்னு சொல்லி அனுப்பிச்சேன்."

"அதுக்கப்புறம்?"

"மனசு கேக்கல. இந்தப் புத்தகத்த உங்க கையில எடுத்துக் குடுத்தவன் நான்தான. வண்டியில இது இல்லாம இருந்திருந்தா இப்பிடி ஆயிருக்காதோன்னு ஒரு நினைப்பு. வருசத்துக்கு ரெண்டு தரம் அவரப் போயிப் பாத்துட்டு வருவேன். ரெண்டு வருசமாத்தான் காலு வரல."

"சீட்டுல கிடந்த புத்தகம் சார் அது. அன்னைக்கு நான் அதைத் தொடக்கூட இல்ல."

"அது உங்களுக்குத் தெரியும். எனக்கு யாரு சொன்னா?"

"ஏன் சார் இதெல்லாம் எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லல?"

அவர் என்னை நிஜமாகவே புரியாமல் பார்த்தார். "நீங்க கேட்டது புத்தகத்தத்தான? அந்த வீட்டுக்கு வழி கேக்கலயே."

உள்ளேயிருந்து காப்பி வந்தது. நான் குடிக்கவில்லை. எழுந்து வந்துவிட்டேன். அதற்குப் பிறகு அவரை நான் பார்க்கவில்லை. அடுத்த வருஷமே அவர் போய்ச் சேர்ந்துவிட்டார். அந்தக் காப்பியைக் குடித்திருக்கலாம் என்று சில நாள் தோன்றும். டீச்சரின் அட்டை மேசையில் கிடந்தது ஞாபகம் வந்தால், குடிக்காமல் வந்ததே சரி என்றும் தோன்றும்.

கோம்பையிலிருந்து நேராகச் சுருளிப்பட்டிக்குத்தான் போனேன். ரோட்டில் திரும்பும்போது என் கை தானாக ஹாரனை அழுத்தியது. விசாரித்துக்கொண்டு போய் நின்றேன். தட்டுவதற்குக் கதவே இல்லாத மாதிரி வீடு திறந்து கிடந்தது. வாசலில் ஒருவர் திராட்சைக்கு மருந்தடிக்கிற ஸ்பிரேயரைக் கழுவிக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்தார். கையில் இருந்த புத்தகத்தைப் பார்த்தார். தண்ணீரை நிறுத்தினார்.

"படிச்சு முடிச்சிட்டீகளா?" என்றார்.

எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. "அண்ணே, நான் ஜீப் டிரைவர்" என்றேன்.

"தெரியுது. லைப்ரரிக்காரர் வாரப்பெல்லாம் உங்களத்தான் கேப்பேன். 'ஒரு புத்தகம் படிச்சிட்டு இருக்காரு, அத முடிச்சிட்டா நேரா இங்கனதான் வருவாரு'ன்னு சொல்லுவாரு. கடைசிப் பக்கம் வரைக்கும் தெரிஞ்ச மாதிரி அம்புட்டு உறுதியாச் சொல்லுவாரு. இந்தப் புத்தகமாய்யா அம்புட்டுப் பெருசு?"

கதை படிக்காத மனிதர். சமையல்காரன் சாப்பிட மாட்டான் என்றவர்.

"அண்ணே, நான் மொதல்லயே வந்திருக்கணும்."

"மொத வருசம் வந்திருந்தா வெட்டியிருப்பேன். பொய் சொல்லல. ரெண்டாம் வருசமும் சொல்ல முடியாது. மூணாம் வருசத்துல ஒரு நா, அவ உங்ககிட்டக் கத கேட்டுட்டு வந்து இங்கன எங்களுக்குச் சொல்லுவாளே, அது ஞாபகம் வந்துச்சு. யாருகிட்டப் போயி மீதியக் கேக்குறது? அப்பறம் மக கல்யாணத்துக்கு உங்க பேருக்குப் பத்திரிகையே எழுதி லைப்ரரிக்காரர்கிட்டக் குடுத்துவிட்டேன். 'இன்னும் முடிக்கல, பாவம்'னு சொல்லிட்டாரு."

பத்திரிகை. என் பேர் போட்ட பத்திரிகை. மூன்றாம் வருஷமே இந்த வீடு ஆறிவிட்டிருக்கிறது. இது ஆறிய பிறகும் பத்திரிகையை வைத்துக்கொண்டு, பீரோவுக்குள் கையை விட்டு, கண்ணை மூடி, ஆறவில்லை ஆறவில்லை என்று எட்டு வருஷம் சொல்லியிருக்கிறார் அந்த மனிதர். யாருக்கு ஆறவில்லை என்று பார்த்தாரோ தெரியாது.

காலில் விழுவதற்குப் புத்தகத்தைக் கீழே வைத்தேன்.

"சரி, அந்தக் கதையில கடைசியா என்னதான் ஆச்சு?" என்று கேட்டார். "அரிசிப் பானையில சாவியப் போட்டான்ல, அதுவர அவ சொல்லியிருக்கா. மறுநா சொல்றேன்னா."

"அரிசி தீர்ந்தா சாவி மேல வந்துரும்னு அக்கா சொன்னாங்கண்ணே. அப்படியேதான் வந்துச்சு."

அவர் முகத்தைத் துண்டால் துடைத்துக்கொண்டார். "அப்பறம்?"

"அப்புறம் அவன் அந்தப் பொம்பளை வீட்டுக்குப் போய்க் கதவைத் தட்டுறான்."

"தட்டி?"

"அவ்வளவுதாண்ணே."

ஸ்பிரேயரை நகர்த்தி வைத்து, நான் உட்கார இடம் செய்துகொண்டே என்னை நிமிர்ந்து பார்த்தார்.

"இதுக்காய்யா பதினோரு வருசம்?"